எண்ணும் இடமும்: கணித வரலாறு நமக்கு உணர்த்தும் பாடம்



கணிதம் என்பது சிலருக்கே கைவந்த வித்தை என்றும், கணித மேதைகள் என்போர் பிறக்கும்போதே வரம் வாங்கி வந்தவர்கள் என்றும் ஓர் எண்ணம் நம்மவரிடையே வேரூன்றி நிற்கின்றது. கோவிந்தாபுரம், முதலமடை, மீனாட்சிபுரம் முதலிய எல்லைப்புற ஊர்களுக்குத் தம்ம வகுப்பு நடத்தச் செல்லுந்தோறும் பெற்றோர் பலர் நம்மிடம் கூறும் சொல் ஒன்றுண்டு. “எங்கள் பிள்ளைக்குக் கணக்கு வராதுங்க ஐயா, எங்கள் வம்சத்திலேயே யாருக்கும் வந்ததில்லை” என்பதே அச்சொல்.

இஃது ஒரு தாயின் அங்கலாய்ப்பாகத் தோன்றினும், இதன் உள்ளே புதைந்து கிடப்பது வருணக் கொள்கையே என்பதை நாம் உணர வேண்டும். ஒருவனுடைய அறிவு அவன் பிறந்த குடியோடு கட்டுண்டது என்பதன்றோ அக்கொள்கை? திரிசரணம் புகுந்து பஞ்சசீலம் ஏற்று, பிறப்பால் உயர்வு தாழ்வு இல்லை என்று உறுதி கூறிய நாம், அதே கொள்கையைக் கணக்குப் பாடத்தின் வாயிலாகப் புழக்கடை வழியே வீட்டிற்குள் விடலாமா? ஆகலின், கணிதம் வளர்ந்த வரலாற்றையும், அதனை வளர்த்தோர் சிலரின் வாழ்க்கையையும் இம்முறை பாடமாக எடுத்துக்கொண்டோம்.

1. பகவானும் கணக்கரும்

மஜ்ஜிம நிகாயத்தின் 107-ஆம் சூத்திரம் கணகமொக்கல்லான சூத்திரம் எனப்படும். பகவான் புத்தர் சாவத்தி நகரின் கீழ்ப்புறத்தே விசாகை அமைத்த மாளிகையில் தங்கியிருந்தபோது, மொக்கல்லானர் என்னும் கணக்கர் ஒருவர் அவரைக் காண வந்தார். அவர் பிறப்பால் அந்தணர், பிழைப்பால் கணக்கர். அவர் கேட்டதன் கருத்து வருமாறு: இம்மாளிகைக்குப் படிக்கட்டு உண்டு, வில் வித்தைக்குப் படிமுறை உண்டு, கணக்கராகிய எங்களிடம் மாணவன் ஒருவன் வந்தால், முதலில் ஒன்றை எண்ணச் செய்வோம், பின் இரண்டை, பின் மூன்றை, இவ்வாறே பத்துவரை, அதன்பின் நூறுவரை எண்ணச் செய்வோம், இதுபோலத் தங்கள் தம்மத்திலும் படிமுறை உண்டோ?

உண்டு என்றார் பகவான். முதலில் சீலம், அடுத்துப் புலனடக்கம், அடுத்து உணவில் அளவறிதல், அடுத்து விழிப்பு, அடுத்து நினைவுடைமை, அதன் பின்னரே தியானம் என்று ஒவ்வொரு படியாக எடுத்துரைத்தார். கணக்கர் விடவில்லை. தங்கள் மாணாக்கர் அனைவரும் இலக்கை அடைகின்றனரோ என வினவினார். சிலர் அடைகின்றனர், சிலர் அடைவதில்லை என்றார் பகவான். இராசகிருகத்திற்கு வழி கேட்ட இருவருள் ஒருவன் சொன்ன வழியே சென்று ஊர் சேர்கிறான். மற்றவன் வேறு வழியில் சென்று அலைகிறான். வழி சொன்னவர் அதற்கு என் செய்வார்? ததாகதர் வழிகாட்டுபவரே என்று விளக்கினார்.

இச்சூத்திரத்தினின்று நாம் கொள்ளத்தக்கவை இரண்டு. கணக்கு என்பது படிப்படியாகக் கற்கப்படுவது. வரமாக இறங்குவதன்று என்பது ஒன்று. கணக்கர் கூறிய பயிற்சி முறையில் மாணவனின் குலத்தைப் பற்றிய படி எதுவும் இல்லை என்பது மற்றொன்று. ஒன்றிலிருந்து தொடங்குபவன் நூற்றை அடைவான். நம் பிள்ளைகளுக்குக் கணக்கு வரவில்லையெனில், வம்சத்தை நோக்க வேண்டா. எந்தப் படி விடுபட்டது என்று நோக்குவோமாக.

2. ஒரு காய், மூன்று மதிப்பு

நம் முன்னோர் தமிழில் எண்களை எழுதிய முறையைச் சற்றே நோக்குவோம். ஒன்று முதல் ஒன்பதுவரை தனித்தனிக் குறிகள் இருந்தன. அவற்றோடு பத்துக்கு ௰ என்றும், நூற்றுக்கு ௱ என்றும், ஆயிரத்துக்கு ௲ என்றும் வேறு குறிகள் இருந்தன. 235 என்பதை ௨௱௩௰௫ என எழுதினர். அதாவது இரு நூறு, மூன்று பத்து, ஐந்து என்று. 205 என்பது ௨௱௫ ஆகும். பத்து இல்லாததால் பத்தின் குறி வரவில்லை; அவ்வளவே. இம்முறையில் சுழியத்திற்குத் தேவையே எழவில்லை.

இன்று நாம் எழுதும் முறை வேறு. நூற்றுக்கென்று தனிக் குறி கிடையாது. 2 என்னும் இலக்கம் வலக்கோடியில் நின்றால் இரண்டு. ஓரிடம் இடப்புறம் நகர்ந்தால் இருபது. மேலும் ஓரிடம் நகர்ந்தால் இருநூறு. இதனையே இடமதிப்பு என்கிறோம். பத்துக் குறிகளைக் கொண்டு எவ்வளவு பெரிய தொகையையும் எழுதவும், கூட்டவும், பெருக்கவும் இயலுவது இம்முறையாலேதான்.

இவ்விடமதிப்பைத் தெளிவாகக் குறிக்கும் பழைய சான்றுகளுள் ஒன்று நம் பௌத்த நூலிலேயே காணப்படுகிறது என்பதை அன்பர்கள் அறிதல் நலம். ஏறத்தாழ கி.பி. 4, 5-ஆம் நூற்றாண்டுகளில் வாழ்ந்த ஆசாரியர் வசுபந்து, தம்முடைய அபிதர்மகோச பாஷ்யத்தில், வசுமித்திரர் என்னும் முன்னோரின் கருத்தொன்றை எடுத்துக் கூறுகிறார். கடந்த காலம், நிகழ்காலம், எதிர்காலம் என்னும் மூன்றிலும் பொருள் வேறுபடுவதில்லை, நிலையே வேறுபடுகின்றது என்பது வசுமித்திரர் கொள்கை. அதற்கு அவர் காட்டும் உவமை கணக்குப் பலகையினின்று எடுக்கப்பட்டது. எண்ணுதற்குரிய ஒரே காய், ஒன்றின் இடத்தில் வைத்தால் ஒன்று எனப்படுகிறது. நூற்றின் இடத்தில் வைத்தால் நூறு எனப்படுகிறது. ஆயிரத்தின் இடத்தில் வைத்தால் ஆயிரம் எனப்படுகிறது. காய் ஒன்றே, இடமே மாறியது.

வசுமித்திரர் இதனைக் காலத்தைப் பற்றிய தருக்கத்தில் கூறினார். சாதியைப் பற்றிக் கூறவில்லை. எனினும் உவமையை நம் வாழ்விற்குப் பொருத்திப் பார்த்தல் தவறாகாது. ஊருக்குள் ஓரிடமும் ஊருக்கு வெளியே ஓரிடமும் வகுத்து, இன்னார் இன்ன இடத்தில் நிற்க வேண்டும் என்று விதித்தவர்கள், வெளியே நின்றவனின் மதிப்பே குறைவு என்று கூறி வந்தனர். கோவிந்தாபுரம் அம்பேத்கர் காலனியில் தீண்டாமை நிலவுகின்றது என்னும் புகார் 2017-ஆம் ஆண்டில் நாளேடுகளில் வெளிவந்து கேரளமெங்கும் பேசப்பட்டதை நாம் மறக்கவில்லை. எழுத்தறிவில் முன்னிற்கும் மாநிலத்தில், இருபத்தொன்றாம் நூற்றாண்டில் எழுந்த புகார் அது. காயில் குறையில்லை, காயை வைத்த கையிலேதான் குறை. இதனை உணர்ந்தவன் தன்னைத் தாழ்ந்தவன் என எண்ணான். பிறனையும் அவ்வாறு எண்ணான்.

3. சுழியம் என்னும் காவலன்

இடமதிப்பு முறை வந்ததும் ஓர் இடர்ப்பாடு தோன்றியது. இருநூற்று ஐந்தை எழுதுங்கால், பத்தின் இடம் வெறுமையாக உள்ளது. அவ்விடத்தைக் காலியாக விட்டால் 25 என்று தவறாகப் படிக்க நேரும். எனவே, ‘இங்கே ஓர் இடம் உண்டு, அதில் எதுவும் இல்லை’ என்று அறிவிக்க ஒரு குறி வேண்டியதாயிற்று. அதுவே சுழியம்.

கம்போடிய நாட்டில் மேகாங் ஆற்றையொட்டிய சம்போர் பகுதியில் கிடைத்த ஒரு கல்வெட்டில் சக ஆண்டு 605, அதாவது கி.பி. 683, பொறிக்கப்பட்டுள்ளது. அதில் ஆறுக்கும் ஐந்துக்கும் இடையே சுழியம் ஒரு புள்ளியாக நிற்கின்றது. நம் நாட்டில் குவாலியர் கோட்டைக் கோயிலொன்றில் கி.பி. 876-ஆம் ஆண்டைச் சேர்ந்த கல்வெட்டு உள்ளது. கோயிலுக்கு விடப்பட்ட தோட்டத்தின் நீளம் 270 முழம் என்றும், நாள்தோறும் 50 மாலைகள் தர வேண்டும் என்றும் அதில் எழுதப்பட்டுள்ளது. சுழியங்கள் சிறு வட்டங்களாகக் காணப்படுகின்றன.

இடத்தைக் காக்கும் குறியாக இருந்த சுழியத்தைத் தனியொரு எண்ணாகக் கொண்டு அதற்கு விதிகள் வகுத்தவர் பிரம்மகுப்தர். கி.பி. 628-இல் அவர் எழுதிய பிராம்மஸ்புடசித்தாந்தம் என்னும் நூலில், கையிலுள்ள செல்வத்தை ஒருவகை எண்ணாகவும், பட்ட கடனை மற்றொருவகை எண்ணாகவும் வைத்து விளக்கினார். செல்வமும் அதற்குச் சமமான கடனும் சேர்ந்தால் சுழியம். சுழியத்தினின்று கடனைக் கழித்தால் செல்வம். எனினும், சுழியத்தைச் சுழியத்தால் வகுத்தால் சுழியமே என்று அவர் கூறியதைப் பிற்காலக் கணிதம் ஏற்கவில்லை. பிரம்மகுப்தர் பெரியவர் என்பதற்காக அப்பிழையை எவரும் மெய்யென்று வைத்துக்கொள்ளவில்லை. பிழையின் பொருட்டு அவருடைய பெருமையையும் எவரும் குறைக்கவில்லை. ஆசிரியரை மதித்துக்கொண்டே அவர் கூற்றை ஆராயலாம் என்பதற்கு இதனினும் நல்ல சான்று வேண்டுமோ?

இவ்வெண்முறை இந்தியாவினின்று பாக்தாத் சென்றது. ஒன்பதாம் நூற்றாண்டில் அங்கு வாழ்ந்த அல் குவாரிஸ்மி அதனை விளக்கி நூல் எழுதினார். 1202-இல் இத்தாலியில் பீசா நகரத்து லியோனார்தோ, ஃபிபொனாச்சி எனப்படுபவர், தம் நூலின் வாயிலாக ஐரோப்பிய வணிகர்க்கு அதனைக் கற்பித்தார். அறிவுக்கு எல்லைச் சாவடி இல்லை.

இங்கே ஓர் எச்சரிக்கை. சூனியம் என்னும் சொல் நாகார்ஜுனருடைய தத்துவத்திலும் உண்டு, கணிதத்திலும் உண்டு. அதனால், சுழியத்தைக் கண்டவர்கள் பௌத்தர்களே என்று மேடைகளில் முழங்குவோர் உளர். சொல் ஒன்றாக இருப்பது மட்டும் சான்றாகாது. தத்துவத்தில் சூனியம் என்பது எப்பொருளும் தானே தனித்து நிற்பதில்லை என்பதைக் குறிக்கும். கணிதத்தில் அஃது ஓர் எண். நமக்கு இனிக்கின்றது என்பதற்காக ஒன்றை மெய்யெனக் கொள்ளாதிருத்தலே காலாம மக்களுக்குப் பகவான் அருளிய அறிவுரையின் சாரம். பிறருடைய பொய்ப்பெருமையை மறுக்கும் நாம், நமக்கென ஒரு பொய்ப்பெருமையைக் கட்டிக்கொள்ளலாகாது. வசுபந்துவின் நூலில் உள்ளது உள்ளபடி நமக்குப் போதும்.

4. யுக்தி கேட்ட நாடு

நாம் வாழும் கேரள மண்ணிலேயே கணிதம் உச்சியைத் தொட்ட காலம் ஒன்றிருந்தது. ஏறத்தாழ 1340 முதல் 1425 வரை வாழ்ந்தவர் சங்கமக்கிராமத்து மாதவர். சங்கமக்கிராமம் என்பது இன்றைய திருச்சூர் மாவட்டத்து இரிஞ்ஞாலக்குடா எனக் கருதப்படுகிறது. அவர் வழியில் வந்த நீலகண்ட சோமயாஜி 1500-ஐ ஒட்டித் தந்திரசங்கிரகம் என்னும் நூலை எழுதினார். அவ்வழியிலேயே வந்த ஜேஷ்டதேவர் ஏறத்தாழ 1530-இல் யுக்திபாஷை என்னும் நூலை இயற்றினார்.

இவர்கள் ஆராய்ந்தவற்றுள் ஒன்று வட்டத்தின் சுற்றளவு. விட்டத்தைப்போல் சுற்றளவு எத்தனை மடங்கு? 499-ஆம் ஆண்டில் ஆரியபடர் 3.1416 எனக் கூறி, இஃது அணுகிய மதிப்பே என்றும் சேர்த்துக் கூறினார். மாதவரோ, முடிவில்லாத ஒரு தொடரைக் கண்டார். 1-இலிருந்து மூன்றில் ஒன்றைக் கழிக்க. ஐந்தில் ஒன்றைக் கூட்டுக. ஏழில் ஒன்றைக் கழிக்க. ஒன்பதில் ஒன்றைக் கூட்டுக. இவ்வாறே ஒற்றைப்படை எண்களைக்கொண்டு கூட்டியும் கழித்தும் செல்க. வருவதை நான்கால் பெருக்கினால் அவ்வட்ட விகிதத்தை நெருங்கும். அன்பர்கள் தாளெடுத்துச் செய்து பார்க்கலாம். முதலில் 4, பின் 2.67, பின் 3.47, பின் 2.90. ஒருமுறை மிகுந்தும் ஒருமுறை குறைந்தும் மெல்ல மெல்ல உண்மையை நோக்கி நெருங்குவதைக் காணலாம். இந்நெருக்கம் மிக மெதுவானது என்பதால் அதனை விரைவுபடுத்தத் திருத்த எண்களையும் இவ்வழியினர் கண்டனர். விட்டம் 90,000 கோடியாயின் சுற்றளவு 2,82,743 கோடியே 33,88,233 என்பது மாதவர் பெயரால் வழங்கும் மதிப்பு. இது பத்துத் தசம இடங்கள்வரை பிழையற்றது. இதே தொடரை ஐரோப்பாவில் கிரிகோரியும் லைப்னிட்சும் கண்டது 1670-களில். மாதவருக்கு இரண்டரை நூற்றாண்டுகள் பின்னர்.

யுக்திபாஷையின் பெருமை யாதெனின், அது விடையோடு நில்லாமல், அவ்விடை ஏன் உண்மை என்பதற்கான யுக்தியையும் தருகின்றது. அதுவும் வடமொழிச் செய்யுளில் அன்று, மலையாள உரைநடையில். ஆசிரியர் சொன்னார் என்பதற்காக ஏற்க வேண்டா, காரணத்தைப் பார் என்று நடைமுறையில் அந்நூல் சொல்கின்றது. மக்கள் தத்தம் மொழியிலேயே தம்மத்தைப் பயிலலாம் என்று அருளிய பகவானை வணங்கும் நமக்கு இவ்விரண்டும் உவப்பளிப்பனவே.

ஆயினும் ஒன்றைக் கூறாது விடலாகாது. மொழி திறந்தது, வாயில் திறக்கவில்லை. அக்கல்வி நம்பூதிரி இல்லங்களிலும் கோயிலைச் சார்ந்த சில குடிகளிலும் குரு-சீடர் வழியாக ஓலையில் தங்கிற்று. வயலில் உழைத்துத் தீண்டாதார் எனத் தள்ளப்பட்டோர் அத்திண்ணையை நெருங்கவும் இயலவில்லை. விளைவு என்ன? 1830-களில் விஷ் என்னும் கும்பினி அலுவலர் ஒருவர் இந்நூல்களைப் பற்றி ஆங்கிலத்தில் கட்டுரை எழுதிய பின்னரே வெளியுலகம் இவற்றைக் கேள்வியுற்றது. யுக்திபாஷையின் கணிதப் பகுதி விளக்கக் குறிப்புகளோடு திருச்சூரில் அச்சேறியது 1948-இல். பூட்டிய பெட்டியில் வைத்த விளக்கு பெட்டிக்காரனுக்கும் வெளிச்சம் தருவதில்லை. அறிவைச் சிலர்க்குள் அடைத்த சமுதாயம், அடைக்கப்பட்டோரை மட்டுமன்று, தன்னையும் ஏமாற்றிக்கொண்டது.

அவ்வாயிலைத் தட்டித் திறந்தவர்களையும் கணித வரலாற்றில் சேர்த்தே எண்ண வேண்டும் என்பது நம் துணிபு. திருவிதாங்கூரில் 1907-இல் சாது ஜன பரிபாலன சங்கத்தை நிறுவிய ஐயன்காளி, ஒடுக்கப்பட்ட பிள்ளைகளைப் பள்ளியில் சேர்க்காவிடில் வயல்களில் புல்லே விளையும் என்று அறிவித்து, உழவுத் தொழிலாளரின் வேலைநிறுத்தத்தை நடத்தினார். சிலேட்டுப் பலகையைத் தொடும் உரிமைக்காகக் கூலியை இழந்து பட்டினி கிடந்த மக்களின் வழியில் வந்தவர்கள் நாம். கணக்கு வராது என்று கூற நமக்கு என்ன உரிமை உண்டு?

5. ஈரோட்டில் பிறந்த இராமானுசன்

1887 டிசம்பர் 22-இல் ஈரோட்டில் பிறந்து கும்பகோணத்தில் வளர்ந்தவர் சீனிவாச இராமானுசன். பள்ளி நாளில் கார் என்பவர் தொகுத்த கணிதச் சுருக்க நூலொன்று அவர் கைக்குக் கிட்டியது. நிறுவல்கள் பெரும்பாலும் இன்றி, முடிவுகளை மட்டுமே நிரலாகத் தந்த நூல் அது. அதனையே ஆசானாகக் கொண்டு தாமே கணிதத்தை வளர்த்தார். பிற பாடங்களைக் கைவிட்டமையால் கல்லூரித் தேர்வில் தோல்வியுற்றார். தாள் வாங்கப் பொருளின்றிச் சிலேட்டில் எழுதி முழங்கையால் அழித்து, முடிவை மட்டும் குறிப்பேட்டில் பதிந்தார். 1912-இல் சென்னைத் துறைமுகக் கழகத்தில் மாதம் 30 ரூபாய் ஊதியத்தில் எழுத்தராகச் சேர்ந்தார். 1913 சனவரியில் கேம்பிரிட்ஜ் பேராசிரியர் ஹார்டிக்குக் கடிதம் எழுதினார். 1914-இல் இங்கிலாந்து சென்றார். 1918-இல் இராயல் சங்கத்தின் உறுப்பினரானார். நோயுற்றுத் திரும்பி 1920 ஏப்ரல் 26-இல், 32-ஆம் வயதில், சென்னையில் மறைந்தார்.

அவர் ஹார்டியோடு சேர்ந்து ஆராய்ந்த ஒன்றை எளிதில் விளக்கலாம். 4 என்னும் எண்ணை எத்தனை விதமாகப் பிரித்துக் கூட்டலாம்? 4, 3+1, 2+2, 2+1+1, 1+1+1+1 என ஐந்து விதம். 10 என்னும் எண்ணுக்கு 42 விதம். 100-க்கோ 19 கோடியே 5 இலட்சத்து 69 ஆயிரத்து 292 விதம். விரல்விட்டு எண்ணவொண்ணாத இதனைக் கணிக்க 1918-இல் இருவரும் ஒரு சூத்திரத்தை வெளியிட்டனர்.

தம் முடிவுகள் நாமகிரித் தாயார் அருளால் தோன்றியவை என இராமானுசன் கூறி வந்தார். அவர் நம்பிக்கையை நாம் இகழ வேண்டியதில்லை. ஆயினும் ஹார்டி செய்தது யாது? எங்கிருந்து வந்தது என்று கேளாமல், நிறுவுக என்று கேட்டார். இராமானுசன் எழுதியவற்றுள் மிகப் பல மெய்யென நிலைபெற்றன. பகா எண்களைப் பற்றிக் கூறிய சில கூற்றுகள் பிழையென வெளிப்பட்டன. கனவில் தோன்றினும் நனவில் தோன்றினும், ஆராய்ந்தே கொள்ளுதல் வேண்டும் என்பது தம்மத்தின் வழி. கணிதத்தின் வழியும் அதுவே.

இன்னொன்றும் சிந்திக்கத்தக்கது. இராமானுசன் வறியவரேனும் பள்ளி வாயில் அவருக்கு அடைக்கப்படவில்லை, நூல் கிட்டியது, பரிந்துரை செய்வோர் இருந்தனர். அவ்வளவு இருந்தும் அவர் அறிவு மண்ணில் மறைந்துபோகும் நிலைக்கு மிக அருகில் வந்து தப்பியது. அவ்வாறாயின், சிலேட்டும் கிட்டாமல் மாடு மேய்க்கவும் களையெடுக்கவும் அனுப்பப்பட்ட எத்தனை பிள்ளைகளின் அறிவு பெயரின்றி மறைந்திருக்கும்! அக்கணக்கை எழுதுவோர் எவருமிலர்.

6. மாவு ஆலையும் புகையிலைத் தோட்டமும்

இங்கிலாந்தின் நாட்டிங்காம் நகரில் 1793-இல் பிறந்தவர் ஜார்ஜ் கிரீன். தந்தை ரொட்டி சுடுபவர். மாவரைக்கும் காற்றாலை ஒன்றும் வைத்திருந்தார். கிரீன் பள்ளியில் பயின்றது ஏறத்தாழ ஓராண்டே. பின் ஆலையில் உழைத்துக்கொண்டே கணிதம் பயின்று, 1828-இல் மின்னாற்றலையும் காந்தத்தையும் பற்றிய கணித நூலொன்றை நண்பர்களின் சந்தாவைக்கொண்டு அச்சிட்டார். அதன் அருமையை அன்று உணர்ந்தோர் இலர். நாற்பதாம் வயதில் கேம்பிரிட்ஜில் மாணவராகச் சேர்ந்தார், 1841-இல் மறைந்தார். அதன் பின்னரே அந்நூல் அறிஞர் கைக்குச் சென்றது. இன்று அவர் பெயரால் வழங்கும் தேற்றம் உலகெங்கும் பயிலப்படுகின்றது.

அமெரிக்க நாட்டில் 1731-இல் பிறந்த பெஞ்சமின் பானக்கர், அடிமை நிலையினின்று விடுபட்ட கறுப்பின மக்களின் வழிவந்தவர். மேரிலாந்தில் புகையிலை பயிரிட்ட குடியானவர். அயலாரிடம் இரவல் வாங்கிய நூல்களைக்கொண்டு வானியற் கணக்கைத் தாமே கற்றுப் பஞ்சாங்கம் கணித்தார். 1791-இல் அதன் கையெழுத்துப் படியை, மனிதர் யாவரும் சமம் என்று நாட்டின் விடுதலை அறிக்கையில் எழுதிய ஜெபர்சனுக்கே அனுப்பி, அவ்வாறு எழுதியவர் எம்மக்களை அடிமைகளாக வைத்திருப்பது முறையோ எனக் கடிதத்தில் வினவினார். கிரகணக் கணக்கு கணித்தவனின் நிறத்தைப் பார்ப்பதில்லை. சரியாயின் சரி, தவறாயின் தவறு. அதனாலேயே அதனை அவர் சாட்சியாக முன்வைத்தார்.

இவர்களைப் பற்றிப் படிக்குந்தோறும் நமக்கு நம் பஞ்சாலை நாள்கள் நினைவுக்கு வருவதுண்டு. 40-ஆம் நம்பர் நூல் என்று நாள்தோறும் சொல்வோம். அதன் பொருளை அறிந்தோர் சிலரே. 840 கெசம் கொண்டது ஒரு சிட்டம். ஒரு பவுண்டு எடையில் எத்தனை சிட்டம் அடங்குமோ அதுவே நம்பர். 40-ஆம் நம்பர் எனில் ஒரு பவுண்டு நூல் 33,600 கெசம் நீளும். நம்பர் ஏற ஏற நூல் மெலியும். இதனைப் பழைய புத்தகம் ஒன்றைக்கொண்டு நாமே பயின்ற பின்னர், ஓடும் கதிரைப் பார்க்கும் பார்வையே மாறிற்று. உழைப்பின் கணக்கை அறிந்தவன் தன் உழைப்பின் மதிப்பையும் அறியத் தொடங்குகிறான்.

7. கடனின்மை என்னும் இன்பம்

அங்குத்தர நிகாயத்தில், இல்லறத்தான் அடையத்தக்க நான்கு இன்பங்களை அனாதபிண்டிகருக்குப் பகவான் எடுத்துரைக்கிறார். அவற்றுள் ஒன்று அனண சுகம், அதாவது கடனில்லாமையால் வரும் இன்பம். எனவே, கடன் கணக்கை அறிவதும் தம்மப் பயிற்சியே ஆகும்.

தோட்டக் கூலிகளும் சிறு வணிகரும் வாங்கும் தண்டல் கடன் ஒன்றைக் கணக்கிடுவோம். 10,000 ரூபாய்க் கடன். முன்னதாகவே 1,500 பிடித்துக்கொண்டு 8,500 தருகின்றனர். நாளொன்றுக்கு 100 வீதம் 100 நாள் கட்ட வேண்டும். பத்தாயிரத்துக்கு ஆயிரத்தைந்நூறு, நூற்றுக்குப் பதினைந்துதானே என்று தோன்றும். உண்மை வேறு. கைக்கு வந்தது 8,500 மட்டுமே. அதிலும் முதல் நாள் முதலே திருப்பிக் கட்டுவதால், நூறு நாளில் சராசரியாக நம்மிடம் நின்றது அதில் பாதியளவே. ஆண்டுக் கணக்கில் பார்ப்பின் வட்டி நூற்றுக்கு 120-ஐத் தாண்டும். மாதம் நூற்றுக்கு ஐந்து என வாங்கிய கடனாயின், இருபதே மாதத்தில் வட்டி முதலுக்குச் சமமாகும்; முதலோ அப்படியே நிற்கும். இக்கணக்கைப் போட வல்லவள் வீட்டில் ஒருத்தி இருந்தால், அக்கடன் அவ்வீட்டு வாயிலில் நின்று யோசித்தே உள்ளே வரும்.

1894 முதல் சென்னையில் ஆல்காட் ஒடுக்கப்பட்டோர்க்கு இலவசப் பள்ளிகள் தொடங்கியதும், 1898-இல் அயோத்திதாச பண்டிதர் சாக்கிய பௌத்த சங்கம் கண்டதும், இயற்பியல் பேராசிரியராக விளங்கிய இலட்சுமி நரசு 1907-இல் பௌத்தத்தின் சாரத்தைப் பகுத்தறிவு நெறியில் எழுதி வெளியிட்டதும் ஒரே பேரியக்கத்தின் படிகளே. தமிழ்ப் பௌத்தம் தொடக்கமுதல் பள்ளிக்கூடத்தோடு கைகோத்தே நடந்தது. ஆகலின், பௌர்ணமி வழிபாட்டோடு வாரம் இருமுறை ஒரு மணி நேரம் கணக்கு வகுப்பும் ஒவ்வோர் ஊரிலும் நடைபெறுதல் வேண்டும் என வேண்டிக்கொள்கிறோம். தமிழ்வழி பயிலும் பிள்ளையும் மலையாளவழி பயிலும் பிள்ளையும் ஒரே பாயில் அமரலாம். எண்ணுக்கு மொழி வேற்றுமை இல்லை. பெரியவர்களும் வெட்கமின்றி வந்து அமர்க. மொக்கல்லானரின் மாணவன் தொடங்கிய இடமே நமக்கும் தொடக்கம், அஃது ஒன்று.

மன்றங்களில் ஆராய்தற்குரிய வினாக்கள்

1. 205 என்னும் எண்ணைப் பழந்தமிழ் முறையிலும் இக்கால முறையிலும் எழுதி, இரண்டிற்கும் உள்ள வேறுபாட்டைக் கூறுக.

2. வசுமித்திரரின் காய் உவமையைச் சொந்த வாழ்விலிருந்து ஓர் எடுத்துக்காட்டுடன் விளக்குக.

3. 5 என்னும் எண்ணை எத்தனை விதமாகப் பிரித்துக் கூட்டலாம்? அனைத்தையும் எழுதிக் காட்டுக.

4. உங்கள் வீட்டில் உள்ள கடன் ஒன்றின் உண்மை வட்டியை ஆண்டுக் கணக்கில் காண்க. குடும்பத்தார் அனைவரும் கூடியிருந்து இதனைச் செய்க.

5. ‘எங்கள் வம்சத்திற்குக் கணக்கு வராது’ என்று கூறும் ஒருவருக்குத் தம்ம வழியில் நீவிர் கூறும் மறுமொழி யாது?

எல்லா உயிர்களும் நலம் பெறுக. அறிவு எல்லார்க்கும் பொதுவாகுக.